கடலோரத்தில் ஒரு 'பெரிய இடம்'

என் தங்கைக்குப் பாஸ்டனில் குழந்தை பிறந்தது. அம்மாவுக்கு முழங்கால் வலி. அத்தனை நேரம் விமானத்தில் உட்கார முடியாது. "நீயே போயிட்டு வாடி, பச்சை உடம்புக்காரியைத் தனியா விடக் கூடாது" என்று சொல்லிவிட்டாள். சுக்கு, திப்பிலி, பிரசவ லேகியம், பூண்டு ஊறுகாய் எல்லாவற்றையும் மூட்டை கட்டிக்கொண்டு கிளம்பினேன்.

கிளம்பும்போது மனசு சரியாயில்லை. என் மூத்த பெண்ணுக்கு 21 வயது. பி.எஸ்சி. முடித்துவிட்டாள். ஒரு வரன் வந்தது. பெரிய இடம். சொந்த ரைஸ் மில், டவுனில் மூன்று வீடு, ஒரே பையன். அவர்களாகவே கேட்டு வந்தார்கள். இவளோ, "எம்.எஸ்சி. சேரணும்மா, இப்ப வேண்டாம்" என்று ஒரே பிடிவாதம். நானும் சொல்லிப் பார்த்தேன், கத்திப் பார்த்தேன். கடைசியில் என்ன செய்தேன் என்பதைப் பிறகு சொல்கிறேன். சொல்லவே கூச்சமாக இருக்கிறது. நான் ஊர் திரும்பியதும் நிச்சயதார்த்தம் என்ற அளவுக்குப் பேச்சு முற்றியிருந்தது. பெண் என்னை வழியனுப்ப விமான நிலையம் வரவில்லை.

தங்கை வீட்டில் மூன்று மாசம் பத்தியச் சமையலும் குழந்தையைக் குளிப்பாட்டுவதுமாகப் போயிற்று. ஜூலை மாசம் ஒரு ஞாயிற்றுக்கிழமை தங்கை கணவர், "அக்கா வந்ததிலிருந்து அடுப்படியை விட்டு வெளியிலேயே வரலை. வாங்க, நியூபோர்ட் போயிட்டு வரலாம். ஒன்றரை மணி நேரம்தான்" என்றார். எலுமிச்சம்பழ சாதமும் தயிர் சாதமும் கட்டிக்கொண்டு, குழந்தையையும் தூக்கிக்கொண்டு புறப்பட்டோம்.

கோடைக்கு ஓடி வந்தவர்கள்

நியூபோர்ட் என்பது ரோட் ஐலண்ட் மாநிலத்தில், ஒரு தீவின் தென்கோடியில் உள்ள கடற்கரை ஊர். 1639-இல் ஏற்பட்டது. பழைய துறைமுகம். சர்க்கரைப் பாகும், ரம் சாராயமும், அடிமைகளாகப் பிடித்து வந்த ஆப்பிரிக்க மக்களும் இங்கே வியாபாரச் சரக்காக இருந்த காலம் உண்டு. சுதந்திரப் போரின்போது வெள்ளைக்காரப் படை வந்து தங்கியதில் துறைமுகம் நொடித்துப் போயிற்று. அதற்கப்புறம் ஊரைக் காப்பாற்றியது காற்றுதான்! தெற்கே பண்ணை வைத்திருந்த பணக்காரர்கள் கோடை வெக்கைக்கும் மலேரியாக் காய்ச்சலுக்கும் பயந்து குடும்பத்தோடு இங்கே வந்து தங்கினார்கள். அடுத்தாற்போல் நியூயார்க் கோடீஸ்வரர்கள் வந்தார்கள். நம் பக்கத்தில் வெள்ளைக்காரத் துரைகள் கோடைக்கு ஊட்டிக்கு மூட்டை கட்டினார்களே, அந்த மாதிரி.

ஆனால் ஊட்டியில் துரைகள் கட்டியதெல்லாம் பங்களாக்கள். இங்கே கட்டியது அரண்மனைகள்! பெல்வியூ அவென்யூ என்ற சாலையின் இரண்டு பக்கமும், கடல் பாறைகளுக்கு மேலேயும், வரிசையாகப் பெரிய பெரிய மாளிகைகள். அவற்றுக்கு அவர்கள் வைத்திருந்த பெயர் என்ன தெரியுமா? 'காட்டேஜ்'! குடிசை வீடு என்று அர்த்தம். எழுபது அறைகள் உள்ள குடிசையை நான் இப்போதுதான் பார்த்தேன்.

இன்னொரு வேடிக்கை. இத்தனை செலவழித்துக் கட்டிய வீட்டில் அவர்கள் வசித்தது வருஷத்தில் ஆறு வாரம், எட்டு வாரம். ஜூலையில் வந்தால் ஆகஸ்டு கடைசியில் பூட்டிவிட்டுப் போய்விடுவார்கள். ஆண்களோ அந்த எட்டு வாரமும்கூட முழுசாக இருப்பதில்லை. நியூயார்க்கில் வியாபாரம் பார்த்துவிட்டு வார இறுதியில் நீராவிக் கப்பலில் வந்து போவார்கள். அந்தக் கப்பல் கம்பெனி 1937 வரை ஓடியது. ஆகவே கோடை முழுவதும் நியூபோர்ட் பெண்களின் ராஜ்யம். யாரை விருந்துக்குக் கூப்பிடுவது, யாரை ஒதுக்குவது என்பதெல்லாம் அவர்கள் கையில். திருமதி ஆஸ்டர் என்ற சீமாட்டிதான் அந்த நாளில் தலைவி. அவருடைய நியூயார்க் வீட்டு நடனக் கூடத்தில் 400 பேர்தான் கொள்ளும் என்று ஒரு பேச்சு. அதனால் நியூயார்க்கில் மனிதர்கள் என்று எண்ணத்தக்கவர்களே 400 பேர்தான் என்று, அவருக்கு வலது கையாக இருந்த வார்ட் மெக்காலிஸ்டர் என்பவர் பேர் கட்டிவிட்டார்!

வெள்ளியா, பிளாட்டினமா?

முதலில் போனது 'பிரேக்கர்ஸ்' மாளிகைக்கு. கார்னீலியஸ் வாண்டர்பில்ட் என்ற ரயில்வே கோடீஸ்வரரின் கோடை வீடு. இவருடைய தாத்தா படகு ஓட்டிப் பிழைப்பை ஆரம்பித்தவர். கப்பலும் ரயிலுமாகப் பெருக்கிச் சொத்தைக் குவித்துவிட்டுப் போனார். பேரன் முதலில் இங்கே இருந்த மர வீட்டில் கோடையைக் கழித்தார். அது 1892-இல் தீப்பிடித்து எரிந்து போகவே, ரிச்சர்ட் மோரிஸ் ஹன்ட் என்ற கட்டடக் கலைஞரைக் கொண்டு 1893 முதல் 1895-க்குள் இந்தக் கல் மாளிகையைக் கட்டினார். தீ பயம் விடவில்லை. சமையற்கட்டைத் தனிப் பக்கமாக ஒதுக்கி, வெந்நீர்க் கொதிகலனை வீட்டுக்கே வெளியே, பூமிக்கடியில் தள்ளி வைத்துவிட்டார்.

உள்ளே நுழைந்ததும் நடுக்கூடம். ஏறக்குறைய 50 அடி உயரம். கழுத்து வலிக்க அண்ணாந்து பார்த்தேன். நம் செட்டிநாட்டு வீடுகளின் வளவில் நின்று பார்த்தால் ஒரு திகைப்பு வருமே, அதைப் போல் பத்து மடங்கு. எல்லோர் காதிலும் ஒரு கருவியை மாட்டிவிடுகிறார்கள். அது ஒவ்வோர் அறையாகக் கதை சொல்லிக்கொண்டே வருகிறது. எனக்குப் பாதி புரிந்தது. மீதியைத் தங்கை சொன்னாள்.

காலை நேரத்தில் உட்காரும் அறை ஒன்று. சுவர்ப் பலகைகளில் பளபளவென்று உலோகத் தகடு ஒட்டியிருக்கிறார்கள். வெள்ளி என்றே வெகுகாலம் நினைத்துக்கொண்டிருந்தார்களாம். நூறு வருஷம் கழித்துச் சோதித்துப் பார்த்ததில் பிளாட்டினம் என்று தெரிந்ததாம். "அதானே பார்த்தேன், வெள்ளியா இருந்தா கடல் காத்துக்கு இத்தனை நாள்ல கறுத்திருக்குமே" என்றேன். குத்துவிளக்குத் துலக்குகிறவளுக்குத் தெரியாதா!

குளியலறையில் தொட்டிக்கு நாலு வகைத் தண்ணீர்: நல்ல தண்ணீர் ஒன்று, கடல் தண்ணீர் ஒன்று, இரண்டிலும் சூடு, ஜில் என்று தனித்தனி. கடல் நீரில் குளிப்பது உடம்புக்கு நல்லது என்று அந்தக் காலத்து நம்பிக்கை. தொட்டி ஒரே பளிங்குக் கல்லில் குடைந்தது. கல்லின் சில்லிப்பு போவதற்கே பல தடவை வெந்நீர் நிரப்பிக் கொட்ட வேண்டியிருக்குமாம். கொட்டுவதற்குத்தான் ஆள் இருந்தார்களே!

சமையற்கட்டைப் பார்த்ததும் என் கால் அங்கேயே நின்றுவிட்டது. ஒரு சுவரின் நீளத்துக்கு நிலக்கரி இரும்பு அடுப்பு. மேலே தொங்கும் வரிசை வரிசையான செப்புப் பாத்திரங்கள். பக்கத்தில் இரண்டு மாடி உயரத்துக்குப் பாத்திர அறை. வெள்ளிச் சாமான்களைப் பூட்டி வைக்க இரும்பு அறை. எழுபது அறைகளில் கிட்டத்தட்டப் பாதி வேலைக்காரர்களுக்கு. கோடையில், அந்த அடுப்புக்கு எதிரே, முழுக்கை உடையும் கழுத்து வரை பொத்தானுமாக நின்றவர்களை நினைத்துக்கொண்டேன். வேலைக்காரர்களில் பலர் அயர்லாந்திலிருந்து பிழைக்க வந்த ஏழைப் பெண்கள். அருகே கடலை நோக்கி இறங்கும் 'நாற்பது படி' என்ற இடம் இருக்கிறது. வேலை முடிந்த ராத்திரிகளில் அவர்கள் அங்கே கூடிப் பாடி, ஆடுவார்களாம். கோடை முழுவதும் நியூபோர்ட்டில் மனசு விட்டுச் சிரித்தவர்கள் அவர்கள்தானோ என்னவோ.

ஏனென்றால் வீட்டுக்காரர்கள் கதையைக் கேளுங்கள். வீடு கட்டி முடித்தது 1895-இல். 1896-இல் எஜமானருக்குப் பக்கவாதம். 1899-இல் 55 வயதில் போய்விட்டார். வீடு முடியும் முன்பே, 1892-இல், மூத்த பிள்ளை 21 வயதில் டைபாய்டில் இறந்துவிட்டான். அந்த நாளில் டைபாய்டைக் குணப்படுத்த மருந்து கிடையாது. கோடீஸ்வரன் பிள்ளையானால் என்ன, கூலிக்காரன் பிள்ளையானால் என்ன? இன்னொரு மகன் 1915-இல் லூசிடானியா கப்பல் மூழ்கடிக்கப்பட்டபோது அதில் போனான். ஏழு பிள்ளைகளில் நாலு பேரைத் தாய் ஆலிஸ் தன் கண் முன்னே பறிகொடுத்தார்.

தோட்டத்தில் குழந்தைகளுக்காக 1886-இல் கட்டிய சின்ன விளையாட்டு வீடு ஒன்று இருக்கிறது. பழைய வீடு எரிந்தபோதும் இது தப்பிவிட்டது. எழுபது அறை மாளிகையைவிட இதன் வாசலில்தான் எனக்குக் கொஞ்ச நேரம் உட்காரத் தோன்றியது. குழந்தைக்கு அங்கேதான் பால் கொடுத்தாள் தங்கை.

உடுப்பு மாற்றவே நேரம் போதாது

பாறைகளின் மேலாகக் கடலை ஒட்டி மூன்றரை மைல் நீளத்துக்கு ஒரு நடைபாதை போகிறது. 'கிளிஃப் வாக்' என்று பெயர். ஒரு பக்கம் மாளிகைகளின் புல்வெளி, ஒரு பக்கம் அலை. கரையில் நடக்கவும் மீன் பிடிக்கவும் ஜனங்களுக்குள்ள உரிமை பழைய காலத்திலிருந்தே வருவது. அதைக் கோடீஸ்வரர்களாலும் அடைக்க முடியவில்லை. அங்கே ஒரு பெஞ்சியில் உட்கார்ந்து கட்டுச்சாதத்தைப் பிரித்தோம். சாப்பிட்டுக்கொண்டே, அந்தச் சீமாட்டிகளின் ஒரு நாள் பொழுது எப்படிப் போயிருக்கும் என்று தங்கை சொல்லிக்கொண்டு வந்தாள்.

காலையில் 'காசினோ'வுக்குப் போக ஓர் உடை. சூதாட்ட இடம் என்று நினைத்துவிடாதீர்கள். 1880-இல் ஏற்பட்ட கிளப் அது. அமெரிக்காவின் முதல் தேசிய டென்னிஸ் போட்டி 1881-இல் அங்கேதான் நடந்தது. பிறகு கடலில் குளிக்க ஓர் உடை. பெய்லீஸ் பீச் என்ற தனிக் கடற்கரை. உறுப்பினர் அல்லாதவர்களைக் காவல்காரன் உள்ளே விட மாட்டான். கடலுக்குள்ளும் காலுறை போட்டுக்கொண்டுதான் இறங்க வேண்டும்! மத்தியான விருந்துக்கு ஓர் உடை. சாயங்காலம் குதிரை வண்டியில் பெல்வியூ அவென்யூவில் மேலும் கீழும் போய்வர ஓர் உடை. அப்போது ஒவ்வொரு வீட்டு வாசலிலும் வண்டியை நிறுத்தி, சேவகன் கையில் தன் பேர் அச்சடித்த சீட்டைக் கொடுத்தனுப்ப வேண்டும். இறங்கிப் பேசக்கூட வேண்டாம். சீட்டு போனால் போதும். நாலு பேர் நம் வீட்டுக்குச் சீட்டு அனுப்பவில்லை என்றால் மானம் போயிற்று! ராத்திரி விருந்துக்கு ஓர் உடை. நடனமென்றால் அதற்கு வேறு.

இத்தனைக்கும் உள்ளே இடுப்பை இறுக்கிக் கட்டிய கச்சு. வெயிலில் முகம் கறுத்துவிடக் கூடாதென்று தொப்பி, வலை, குடை, கையுறை. "அப்ப காத்து வாங்க வந்தவங்க மேல காத்தே படலைன்னு சொல்லு" என்றேன். தங்கை சிரித்தாள். ஆனால் நாமும் ஒன்றும் சளைத்தவர்கள் இல்லை. கல்யாணத்துக்குக் கல்யாணம் அதே பட்டுப்புடவையைக் கட்டினால் யாராவது பார்த்துவிடுவார்களே என்று நாம் படும் பாடு நமக்குத் தெரியாதா?

தாயார் அடுக்கி வைத்த அறை

சாப்பிட்ட பிறகு 'மார்பிள் ஹவுஸ்' போனோம். பிரேக்கர்ஸ்காரரின் தம்பி வில்லியம், தன் மனைவி ஆல்வாவுக்கு 39-ஆவது பிறந்த நாள் பரிசாகக் கொடுத்த வீடு. 1888-இல் ஆரம்பித்து 1892-இல் முடிந்தது. செலவு 1 கோடியே 10 லட்சம் டாலர். அதில் 70 லட்சம் பளிங்குக் கல்லுக்கு மட்டும்! தம்பி பெண்டாட்டி இப்படி ஒரு வீடு கட்டிக்கொண்டு நிற்க, அண்ணன் பெண்டாட்டி ஆலிஸ் மூன்று வருஷத்தில் அதைவிடப் பெரிதாகப் பிரேக்கர்ஸில் குடியேறினார். ஓரகத்திகளுக்குள் போட்டி எந்த ஊரில்தான் இல்லை?

தங்க முலாம் பூசிய நடனக் கூடம், ரோஜா நிறப் பளிங்கில் சாப்பாட்டு அறை. சாப்பாட்டு நாற்காலிகள் வெண்கலம். உட்காருகிறவர் தானாக இழுத்துப் போட்டுக்கொள்ள முடியாது. ஒவ்வொருவருக்கும் பின்னால் சேவகன் நின்று தள்ளிவிட வேண்டும். எல்லாம் பார்த்துவிட்டு மாடி ஏறினோம். அங்கே ஒரு படுக்கையறை. கருமரப் பலகை அடித்த, கொஞ்சம் இருட்டான அறை. இந்த வீட்டின் ஒரே பெண் கான்சுவேலோவின் அறை.

அவள் பிற்காலத்தில் தன் வாழ்க்கையை ஒரு புத்தகமாக எழுதியிருக்கிறாள். இந்த அறையில் தன்னுடையது என்று சொல்ல ஒரு சின்னப் பொருள்கூட இல்லை, மேஜையில் எது எங்கே இருக்க வேண்டும் என்பதுவரை அம்மாவே தீர்மானித்தாள் என்று அதில் சொல்கிறாள். போட்டுக்கொள்ளும் உடையும் அம்மா எடுத்ததுதான். அவள் ஏதோ மறுத்துப் பேசப் போக, யோசிப்பது என் வேலை, சொன்னதைச் செய்வது உன் வேலை என்று ஆல்வா வாயை அடைத்துவிட்டாளாம். பாடம் படிக்கும்போது முதுகு கூன் விழக் கூடாதென்று முதுகுத்தண்டை ஒட்டி ஓர் இரும்புக் கம்பியை வைத்து, இடுப்பிலும் தோளிலும் வாரால் கட்டிவிடுவார்களாம். வளருகிற குழந்தை!

18 வயதில் அவளுக்கு ஒருவரைப் பிடித்திருந்தது. நல்ல குடும்பம்தான். ஆனால் ஆல்வா இங்கிலாந்தில் பிரபு வீட்டுச் சம்பந்தம் பார்த்துக்கொண்டிருந்தாள். மார்ல்பரோ பிரபு. பெரிய இடம்! 1895 கோடையில் மகளை இந்த வீட்டில் கொண்டுவந்து வைத்தாள். தனியாக வெளியே விடக் கூடாதென்று வாசல்காரனுக்கு உத்தரவு. கடிதம் போகாது, வராது. மகள் ஒரு ராத்திரி துணிந்து வாயைத் திறந்து, எனக்கு வேறொருவரைப் பிடித்திருக்கிறது என்று சொல்லிவிட்டாள். அந்த ஆளைச் சுட்டுவிடுவேன் என்று கத்தினாள் தாய். மறுநாள் தாய் அறையை விட்டு வெளியே வரவில்லை. ஒரு சிநேகிதி வந்து மகளிடம் சொன்னாள்: உன் பிடிவாதத்தால் உன் அம்மாவுக்கு மாரடைப்பு வந்துவிட்டது, இன்னும் நீ எதிர்த்தால் உயிருக்கே ஆபத்து என்று.

இதைத் தங்கை சொல்லிக்கொண்டிருந்தபோது எனக்குக் காது அடைத்துவிட்டது.

முதலில் சொல்லாமல் விட்டேனே, அதை இப்போது சொல்கிறேன். அந்த வரனுக்கு என் பெண் மாட்டேன் என்றபோது, நான் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு கூடத்தில் உட்கார்ந்துவிட்டேன். "படபடன்னு வருது, பிரஷர் ஏறுது, என்னை இப்படியே விட்டுடு" என்றேன். பெண் பயந்துபோய்த் தண்ணீர் கொண்டுவந்தாள், விசிறிவிட்டாள். டாக்டரிடம் கூட்டிப்போகிறேன் என்றாள். வேண்டாம் என்றுவிட்டேன். போனால் பிரஷரே இல்லை என்று தெரிந்துவிடுமே! சாயங்காலம் அவள் வந்து, "உங்க இஷ்டம்மா" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்ப் படுத்துக்கொண்டாள். ஜெயித்துவிட்டதாக நினைத்துக்கொண்டேன்.

கான்சுவேலோவும் அப்படித்தான் சம்மதித்தாள். கீழே 'காதிக் அறை' என்று மாதா கோயில் மாதிரி இருண்ட அறை ஒன்று உண்டு. அங்கேதான் பிரபு அவளைக் கேட்டார், சரி என்றாள். அவருக்கு உன் பணத்தின் மேல்தான் கண் என்று சின்னத் தம்பிக்குக்கூடத் தெரிந்திருந்தது! 1895 நவம்பர் 6-ஆம் தேதி நியூயார்க்கில் கல்யாணம். முகத்திரைக்குள்ளே அழுத கண்ணோடு, இருபது நிமிஷம் தாமதமாகப் போனாளாம். சீர் என்ன தெரியுமா? 25 லட்சம் டாலர் பெறுமான ரயில்வே பங்குகள். வரதட்சணை நம் நாட்டு வியாதி மட்டும்தான் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

1906-இல் பிரிந்தார்கள். 1921-இல் விவாகரத்து.

பிங்கானில் எழுதிய வாசகம்

கதை இதோடு முடிந்தால் ஆல்வாவைத் திட்டிவிட்டு வந்திருப்பேன். ஆனால் தோட்டத்தைத் தாண்டி, கடல் பாறையின் விளிம்பில், சிவப்பும் பச்சையுமாக ஒரு சீனத் தேநீர் மண்டபம் நிற்கிறது. ஆல்வா பின்னால் கட்டியது.

மகளுக்குக் கல்யாணமான அதே 1895-இல் ஆல்வா தன் புருஷனை விவாகரத்து செய்தாள். அவர்கள் வட்டாரத்தில் அது பெரிய அவதூறு. வேறொருவரை மணந்து, அவரும் 1908-இல் காலமான பிறகு, பெண்களுக்கு வாக்குரிமை வேண்டும் என்ற போராட்டத்தில் இறங்கிவிட்டாள். பணத்தை அள்ளிக் கொடுத்தாள். 1909-இல் இந்தப் பளிங்கு வீட்டின் கதவைத் திறந்து, டிக்கெட் போட்டு, யார் வேண்டுமானாலும் வரலாம் என்று கூட்டம் நடத்தினாள். சீட்டு அனுப்பாதவர்களை வாசலில் ஏற்றாத ஊரில்! 1914-இல் பெண்கள் மாநாடு. அதற்கு மகள் கான்சுவேலோவும் இங்கிலாந்திலிருந்து வந்தாள். வந்தவர்களுக்குத் தேநீர் கொடுக்கப் பிங்கான் கோப்பைகளில் 'பெண்களுக்கு வாக்குரிமை' என்று அச்சடித்திருந்தாள். தேநீர் மண்டபத்தில் அடுப்பு வைக்க இடம் விடவில்லையாம். வீட்டிலிருந்து தேநீர்த் தட்டு கொண்டுவர ஒரு குட்டி ரயில் போட்டார்களாம்! அமெரிக்கா முழுவதும் பெண்களுக்கு வாக்குரிமை 1920-இல் வந்தது. நம் சென்னை மாகாணத்தில் சொத்துத் தகுதியுள்ள பெண்களுக்கு அதற்கு அடுத்த வருஷமே வந்துவிட்டது என்பது நமக்குப் பெருமை.

எல்லாவற்றையும்விடப் பெரிய விஷயம் 1926-இல் நடந்தது. மகளின் முதல் கல்யாணம் செல்லாது என்று கத்தோலிக்கத் திருச்சபை விசாரித்தபோது, ஆல்வாவே சாட்சி சொன்னாள். என் மகள்மேல் எனக்கு முழு அதிகாரம் இருந்தது, அவள் இஷ்டத்துக்கு விரோதமாக நான்தான் கட்டாயப்படுத்தினேன் என்று. அப்போது அவளுக்கு 73 வயது. ஊரே கேலி பேசும் என்று தெரிந்தும் சொன்னாள். கல்யாணம் ரத்தாயிற்று. தாயும் மகளும் கடைசிக் காலத்தில் பிரான்சில் ஒருவருக்கொருவர் ஒத்தாசையாகவே இருந்தார்கள்.

முப்பத்தொரு வருஷம் ஆயிற்று அவளுக்கு, அதைச் சொல்ல. மண்டபத்துக் கைப்பிடிச் சுவரில் கை வைத்துக்கொண்டு அலையைப் பார்த்தபடி நின்றேன். எனக்கும் அத்தனை வருஷம் ஆக வேண்டுமா?

1913-இல் வருமான வரி வந்தது, பிறகு யுத்தம், 1929-க்குப் பின் பணமுடை. இத்தனை பெரிய வீடுகளை வைத்துக் காப்பாற்ற அவர்கள் வாரிசுகளுக்கே முடியவில்லை. 1945-இல் ஏற்பட்ட நியூபோர்ட் பாதுகாப்புச் சங்கம் ஒவ்வொன்றாக வாங்கி, நம் போன்றவர்கள் பார்க்கும்படி வைத்திருக்கிறது. பிரேக்கர்ஸை வருஷத்துக்கு ஒரு டாலர் வாடகைக்கு 1948-இல் கொடுத்தவர் அந்த வீட்டின் கடைசிப் பெண். 1972-இல் சங்கமே விலைக்கு வாங்கிவிட்டது.

பிள்ளைகளைப் பார்க்க அமெரிக்கா போகும் சகோதரிகள் நியூபோர்ட்டையும் பார்த்துவிட்டு வாருங்கள். ஒரே நாளில் இரண்டு மாளிகைக்கு மேல் பார்த்தால் கால் கெஞ்சும். மாளிகைகளுக்கு டிக்கெட் உண்டு. நடைபாதைக்குக் காசு கிடையாது. அதன் தெற்குப் பகுதி கரடுமுரடான பாறை. செருப்பு உதவாது, ஷூ போட்டுக்கொள்ளுங்கள். கைக்குழந்தையைத் தள்ளுவண்டியில் வைக்காமல் உடம்போடு கட்டிக்கொள்வது நல்லது. கடல் காற்று குளுமையாக இருக்கிறதே என்று ஏமாறாதீர்கள். வெயில் தெரியாமல் சுட்டுவிடும். தண்ணீர் நிறையக் குடிக்க வேண்டும், முக்கியமாகப் பால் கொடுக்கிற தாய்மார்கள்.

கடையில் அந்த வாக்குரிமைக் கோப்பையின் நகல் விற்கிறார்கள். ஒன்று வாங்கிக்கொண்டேன். "யாருக்குக்கா?" என்றாள் தங்கை. பதில் சொல்லவில்லை.

அன்று ராத்திரி 9 மணிக்கு, இங்கே காலை ஆறரை இருக்கும், வீட்டுக்குப் போன் செய்தேன். என் கணவர் எடுத்தார். அந்த மில்காரர் வீட்டுக்கு இப்போதைக்கு இல்லை என்று சொல்லிவிடுங்கள் என்றேன். ஒரு நிமிஷம் பேச்சில்லை. "ஏன், என்ன ஆச்சு உனக்கு?" என்றார். "ஒண்ணும் ஆகலை. அவகிட்ட கொடுங்க" என்றேன்.

பெண் வந்தாள். மூன்று மாசத்தில் என்னிடம் நாலு வார்த்தைக்கு மேல் பேசாதவள், அப்பா முகத்தைப் பார்த்துப் பயந்துவிட்டாள் போலிருக்கிறது.

"என்னம்மா, உடம்பு சரியில்லையா? மறுபடி படபடப்பா?"

எத்தனையோ சொல்ல வேண்டும் என்று நினைத்துக்கொண்டுதான் போனை எடுத்தேன். வாயில் வந்தது இவ்வளவுதான்.

"உடம்புக்கு ஒண்ணும் இல்லேடி. அன்னிக்கும் ஒண்ணும் இல்லே."